கோரை நடுறதுல இருந்து பாய் நெய்யுற வரைக்கும்: முழுமையான வழிகாட்டி

பாய் நெய்யுறது எப்படின்னு கேக்குறவங்க எல்லாருமே முதல்ல தறி எங்க கிடைக்கும்னு தான் கேக்குறாங்க. தறி கடைசி வேலைங்க. கோரைய அறுத்த அன்னிக்குக் காலையில இருந்து அது காஞ்சு கட்டா கட்டுற வரைக்கும் ஒரு நாலஞ்சு நாள் இருக்கு பாருங்க, பாய் நல்லா வருமா வராதாங்குறது அதுல முடிஞ்சிரும். அதுக்கப்புறம் எவ்வளவு கை தேர்ந்த ஆள் உக்காந்து நெய்தாலும் கருத்த கோரைய வெளுக்க வைக்க முடியாது.

நான் கல்யாணம் ஆகி முசிறிப் பக்கம் வந்தப்ப எனக்குக் கோரைன்னா வயல்ல புடுங்கி வரப்புல எறியுற களை மட்டும் தான் தெரியும். இங்க காவேரிக்கரை ஓரத்துல அதையே நெல்லு மாதிரி உழுது நட்டு தண்ணி கட்டி வளக்குறாங்கன்னு பாத்ததும் ஒரு நிமிஷம் முழிச்சேன். முசிறி, தொட்டியம், அக்கரையில கரூர் பக்கம் வாங்கல், நெரூர்னு ஆத்தோரம் நெடுக இந்தப் பயிர் உண்டு. எங்க மாமியார் கிட்ட கத்துக்கிட்டது, நானா கெடுத்துக் கத்துக்கிட்டது ரெண்டையும் சேத்து எழுதுறேன். வயல் இல்லாதவங்க ஒரு தொட்டில வளத்து ஒரு சின்ன டேபிள் மேட் நெய்யுற அளவுக்கு செய்யலாம், அதையும் கூடவே சொல்லிடுறேன்.

1. எந்தக் கோரைன்னு முதல்ல தெரிஞ்சுக்கோங்க

கோரைன்னு ஒரே பேர்ல ஊர்ல பல செடி திரியுது. வயல்ல களையா வர்றது முழங்கால் உயரம் கூட வராது, புடுங்கினா அடியில கருப்பா மணி மணியா கிழங்கு இருக்கும், கிள்ளி மோந்தா நல்ல வாசனை வரும், நாட்டு மருந்துக்கடையில கோரைக்கிழங்குன்னு கேட்டா தர்றது அது தான். அதுல பாய் நெய்ய முடியாது. பாய்க்கோரை ஆள் உயரத்துக்குப் போகும், இலையே இல்லாத மாதிரி ஒரே தண்டா கணு இல்லாம நீட்டா நிக்கும், உச்சியில மட்டும் பழுப்பா ஒரு பூக்கொத்து. செடி நூல்ல சைபெரஸ் பங்கோரெய்னு போட்டிருப்பாங்க. எகிப்துல பேப்பர் மாதிரி எழுதுறதுக்கு செஞ்சாங்களே பாப்பிரஸ், அதுவும் இதே சைபெரஸ் குடும்பம் தான், பங்காளி முறை.

தண்டோட உச்சிப்பக்கத்த ரெண்டு விரலுக்கு நடுவுல வெச்சு உருட்டிப் பாருங்க, உருளாம தடக் தடக்னு தட்டும், ஏன்னா அது முக்கோணம். வழுவழுன்னு உருண்டா அது கோரை இல்ல. ஜப்பான்ல ததாமி பாய்க்கு போடுற இகுசா அப்படித்தான் உருளும், அது ஜங்கஸ்ங்குற வேற குடும்பம், ஆனா அதுவும் சதுப்புல வளர்றது தான். குளத்துல பட்டையா இலை விட்டு சுருட்டு மாதிரி பழுப்புப் பூ வைக்கிறது சம்பு, அதுலயும் பாய் உண்டு, ஆனா அது வேற வேலை, இதோட கலக்காதீங்க.

2. நடவு

விதை எல்லாம் தேடாதீங்க, கிழங்கு தான். ஏற்கனவே கோரை வெச்சிருக்குறவங்க வயல்ல பழைய தூர கிளறும்போது வேரோட கிழங்கு கிடைக்கும், அத ரெண்டு மூணு முளைக்கண்ணு இருக்குற மாதிரி பிச்சு நடணும். நாங்க ஒரு ஜாண் இடைவெளி விட்டு நடுவோம். வண்டல் மண்ணு ரொம்ப புடிக்கும், களி கலந்திருந்தாலும் பரவால்ல, சுத்த செம்மண்ணு மேட்டுல நட்டா முழங்கால் உயரத்துலயே நின்னுடும்.

முக்கியமான ஒண்ணு, வரப்ப நல்லா அகலமா வெச்சுக்கோங்க. இது மண்ணுக்கு அடியிலேயே ஓடுற பயிரு, ஒரு வருஷத்துல வரப்பத் தாண்டி பக்கத்து வயல்ல தலைய நீட்டும், அப்புறம் அவங்க நெல்லு வயல்ல உங்க கோரைன்னு பஞ்சாயத்து தான்.

தொட்டில வெக்கிறவங்க ஓட்டை இல்லாத சிமெண்ட் தொட்டியோ பழைய பிளாஸ்டிக் டப்போ எடுத்துக்கோங்க, ஒன்றரை அடி ஆழமாவது வேணும். முக்கால்வாசி வண்டலும் மக்குன எருவும் கலந்து போட்டு நாலஞ்சு கிழங்கு நட்டா போதும், தானா நிரம்பிடும். நல்ல வெயில் விழுற இடமா இருக்கணும், பால்கனி நிழல்ல வெச்சா தண்டு நூலு மாதிரி வந்து சாஞ்சிரும். மேல ரெண்டு விரக்கடை தண்ணி நின்னா கொசு வரும்னு பயமா இருந்தா மண்ணு எப்பவும் சேறா இருக்குற அளவுக்கு மட்டும் ஊத்துங்க, அதுவே போதும்.

3. தண்ணி, களை, உரம்

இதுல பெருசா ஒண்ணும் இல்ல. முதல் ரெண்டு மாசம் களை எடுக்கணும், அதுக்கப்புறம் கோரையே அடர்ந்து மத்ததெல்லாத்தையும் அமுக்கிடும். தரை வெடிக்க விடக்கூடாது. யூரியாவ மட்டும் அள்ளிக் கொட்டாதீங்க. பச்சையா பளபளன்னு நிக்கிறதப் பாத்து சந்தோஷமா இருக்கும், ஆனா தண்டு சதை வெச்சு உள்ள பஞ்சு அதிகமாகி ஒரு காத்துக்கு மொத்தமா படுத்துரும், படுத்த கோரை வளஞ்சு போய் நீளம் கிடைக்காது. 2018 ஆகஸ்ட்ல மேட்டூர் நிரம்பி ஆத்துல வெள்ளம் வந்தப்ப எங்க தாழ்வான துண்டு ஒண்ணு முழுகிடுச்சு. நாலு நாள் தண்ணி நின்னும் கோரை சாகல, அதான் சதுப்புல பொறந்த செடியாச்சே, ஆனா தண்டு பூரா வண்டல் அப்பிக் கறை ஏறி அந்த அறுப்பு பாய்க்கு ஆகாம போச்சு.

4. எப்ப அறுக்கணும்

நட்ட முதல் அறுப்புக்கு கிட்டத்தட்ட ஒரு வருஷம் ஆகும், தூரு புடிச்சப்புறம் வருஷத்துக்கு ரெண்டு அறுப்பு. மாசி பங்குனில ஒண்ணு, ஆவணி புரட்டாசி வாக்குல ஒண்ணுன்னு வர்ற மாதிரி அமைஞ்சா நல்லது. ஐப்பசில அறுக்க நிக்காதீங்க, அடமழையில எங்க காய வைப்பீங்க.

பதம் பாக்குறது இப்படி. ஒரு தண்ட அடியோட வெட்டி ஆள்காட்டி விரல்ல சுத்துங்க. பிஞ்சா இருந்தா சுத்தும், ஆனா நசுங்கித் தண்ணி கசியும், அத காய வெச்சா சுருங்கி நூலாயிடும். முத்திப்போனது விரல்ல சுத்தும்போதே படக்னு வெடிக்கும், அடிப்பக்கம் பழுப்பா மாறியிருக்கும். நசுங்காம வெடிக்காம சுத்தினா அது பதம். பூக்கொத்து நல்லா விரிஞ்சு பழுப்பேற ஆரம்பிக்கிற சமயமும் இதுவும் பெரும்பாலும் ஒத்துப் போகும்.

அறுக்குறதுக்கு முன்னாடி போன்ல மழை இருக்கான்னு பாருங்க, வீட்டுல பெரியவங்க இருந்தா அவங்களையும் ஒரு வார்த்த கேளுங்க. தொடர்ச்சியா நாலு நாள் வெயில் உறுதியா இருந்தா மட்டும் அருவாள எடுங்க. காலையில பனி ஈரம் காஞ்சதும் தரையோட ஒட்ட அறுக்கணும், ரெண்டு இஞ்ச் மேல விட்டா அந்த ரெண்டு இஞ்ச் நீளம் உங்களுக்கு நட்டம்.

5. நீளம் பிரிக்கிறது

ஒரு கைக்கு அடங்குற அளவு அள்ளி அடிப்பக்கத்த தரையில தட்டி சமப்படுத்திக்கோங்க. இப்ப எல்லாத்துக்கும் மேல நீட்டிட்டு இருக்குற நுனிகள மட்டும் புடிச்சு உருவுங்க, நெட்டை எல்லாம் கையோட வந்துரும். திரும்பத் தட்டி அடுத்த உயரத்த உருவுங்க. அஞ்சடிக்கு மேல ஒரு குவியல், நாலடி ஒண்ணு, மிச்சம் குட்டை. குட்டையில சின்ன மேட், கூடைன்னு போட்டுக்கலாம், உடைஞ்சது வளைஞ்சது எல்லாம் மாட்டுக்கு அடியில விரிக்க. பூக்கொத்த இப்பவே கிள்ளிடுங்க, அதுல இருந்து உதுர்ற தூசி தொண்டைய ஒரு வழி பண்ணிடும்.

6. கிழிக்கிறது

இங்க தான் கொஞ்சம் நிதானமா படிக்கணும். அறுத்த கோரைய அன்னிக்கே கிழிச்சாகணும், அடுத்த நாள் பாத்துக்கலாம்ங்குற பேச்சே கிடையாது. பச்சையா இருக்குறப்ப உள்ள இருக்குற வெள்ளை சோறு ஈரமா இருக்கும், கத்தி வழுக்கிக்கிட்டு போகும். வாடிடுச்சுன்னா சோறு ரப்பர் மாதிரி இழுக்கும், மேல்தோல் தும்பு தும்பா பிரியும்.

எங்க ஊர்ல இப்ப பெரும்பாலும் மிஷின்ல தான் கிழிக்கிறாங்க, ஒரு பக்கம் விட்டா மறுபக்கம் ரெண்டா மூணா வந்து விழும். கையால கிழிக்கிறதுக்கு சின்னதா கூரான கத்தி போதும். தண்டோட அடிப்பக்கத்துல மூணு மூலைக்கும் நடுவுல வர்ற மாதிரி ஒரு இஞ்ச் கீறிக்கோங்க. அப்புறம் கத்திய வெச்சுட்டு ரெண்டு கட்டைவிரலாலயும் பிரிச்சுக்கிட்டே போகணும். பிரியுறப்ப ஒரு பக்கம் தடிச்சு ஒரு பக்கம் மெலிஞ்சு போகும் பாருங்க, எல்லாரும் அப்ப மெலிஞ்ச பக்கத்த இழுப்பாங்க, பட்டுனு அறுந்துரும். தடிச்ச பக்கத்தக் கொஞ்சம் அதிகமா வளைச்சு இழுத்தா கீறல் தானா அந்தப் பக்கம் நகர்ந்து நடுவுக்கு வந்துரும். எனக்கு இது புரியுறதுக்கு ஒரு வாரம் ஆச்சு, மாமியார் வாயால சொல்லல, என் கை மேல தன் கைய வெச்சு ஒரு தண்ட முழுசா கிழிச்சுக் காட்டி, "இப்ப பாத்தியா சாமி, அது போற வழியில விட்டுப் புடிக்கணும்"னாங்க.

கிழிச்சதும் உள்பக்க சோற கத்திய சாய்ச்சு ஒரு இழுப்புல வழிச்சு எடுத்தா இழை மெலிசா வரும். சாதாரணப் பாய்க்கு வழிக்க வேண்டியதில்ல. அந்த சோறு காயும்போது சுருங்கி, தோல உள்பக்கமா இழுத்து சுருட்டிக்கும், தட்டையா இருந்தது உருண்டை குச்சி மாதிரி ஆகும். கடையில பாய உத்துப் பாத்தா ஒவ்வொரு கோரையும் உருண்டையா தெரியும்ல, அது முழுத்தண்டு இல்ல, கிழிச்சது சுருண்டது தான். விரல்ல துணி சுத்திக்கோங்க, தண்டோட ஓரம் பிளேடு மாதிரி கீறும், கீறினது அன்னிக்குத் தெரியாது, ராத்திரி ரசம் சாப்பிடும்போது தெரியும்.

7. காய வைக்கிறது

சிமெண்ட் களமோ மணலோ, ஈரம் இல்லாத தரையா இருக்கணும். அடி ஒரு பக்கமா நுனி விசிறி மாதிரி விரிஞ்ச மாதிரி மெலிசா பரப்புங்க, ஒண்ணு மேல ஒண்ணு குவிச்சா அடியில இருக்குறது வெந்து போயிடும். மதியம் ஒரு தடவ புரட்டணும். சாயங்காலம் நாலரை அஞ்சுக்குள்ள, பனி விழுறதுக்கு முன்னாடி, அள்ளி உள்ள வெச்சே ஆகணும். மறுநாள் வெயில் ஏறினப்புறம் திரும்பப் பரப்பணும். முதல் நாள் கரும்பச்சை, ரெண்டாம் நாள் வெளிர் பச்சை, மூணு நாலுல வைக்கோல் நிறத்துல ஒரு மினுமினுப்போட வந்து நிக்கும்.

நான் கெடுத்த கதை இது. எங்க அக்கா பொண்ணு வளைகாப்புன்னு சாயங்காலம் துறையூர் கிளம்பிட்டேன், ரெண்டாம் நாள் கோரை களத்துல கிடக்கு, வானம் சுத்தமா இருந்துச்சு, ஒரு ராத்திரி தானேன்னு தார்ப்பாய் போட்டு மூடிட்டுப் போனேன். மழை பெய்யல. மழை பெய்யாமலேயே கெட்டுச்சு. தார்ப்பாய்க்கு அடியில கோரையோட ஈரமே வேர்த்து வேர்த்து காலையில பிரிச்சா மிளகு தூவின மாதிரி கரும்புள்ளி. ஏவாரி வந்து ஒரு கைப்பிடி எடுத்து மோந்து பாத்தாரு, ஒண்ணும் சொல்லாம பாதி விலை சொன்னாரு. அதனால தார்ப்பாய் போட்டு மூடாதீங்க, தூக்கி வீட்டுத் திண்ணையிலயோ கொட்டகையிலயோ நிக்க வைங்க, காத்து போகணும்.

காஞ்சிடுச்சான்னு பாக்க ஒரு பிடி எடுத்து உலுக்குங்க. ஈரம் இருந்தா சத்தம் மொத்தையா வரும், காஞ்சிருந்தா சலசலன்னு வரும். அதுக்கப்புறம் கட்டா கட்டி பரண்ல போட்டா மாசக்கணக்குல இருக்கும்.

ஜப்பான்ல இகுசாவ அறுத்ததும் களிமண்ணு கரைச்ச தண்ணில முக்கி எடுத்துட்டு தான் காய வைப்பாங்களாம், அந்த மண்ணு தான் பச்சை நிறத்தையும் ததாமியோட வாசனையையும் காப்பாத்துதாம். நாம முக்குறதும் இல்ல, அவங்க கிழிக்கிறதும் இல்ல, முழுத்தண்டாவே நெய்யுறாங்க. நான் ஒரு தடவ ஆசைக்கு முக்கிப் பாத்தேன், கிழிச்ச கோரையில உள்பக்கம் மண்ணு ஏறிக்கிட்டு உதறவே முடியல.

8. பத்தமடைக்காரங்க செய்யுற கூடுதல் வேலை

திருநெல்வேலி பக்கம் பத்தமடையில பட்டு மாதிரி மடங்குற பாய் நெய்யுறாங்க, புவிசார் குறியீடு வாங்கினது, கல்யாணப் பாய்ல பொண்ணு மாப்பிள்ளை பேர கூட நெய்து தருவாங்க. அங்க லெப்பை முஸ்லிம் குடும்பங்கள்ல பெண்கள் தான் பெரும்பாலும் தறியில உக்காருறாங்க. அவங்க கோரை நம்ம கோரை தான், வித்தியாசம் தண்ணில இருக்கு. காய வெச்ச கோரைய கட்டா கட்டி ஓடுற தண்ணில சில நாள்ல இருந்து ஒரு வாரம் வரைக்கும் ஊற வைக்கிறாங்க, ஊறி நல்லா உப்பிடும், அத எடுத்து திரும்பக் காய வெச்சு இன்னும் மெலிசா கிழிக்கிறாங்க. ஓடுற தண்ணிங்குறது முக்கியம், வாளியில ஊற வெச்சா ரெண்டே நாள்ல நாறிடும். அவ்வளவு மெலிசான பாய்க்கு இப்படி ஒரு ஆள் வாரக்கணக்குல உக்காரணும், அதனால விலையக் கேட்டு மூஞ்சிய சுளிக்காதீங்க.

9. சாயம் வேணும்னா

சிவப்புக்கு பழைய வழி சப்பங்கட்டை, தண்ணில கொதிக்கவெச்சு குடிக்கிறாங்களே பதிமுகம், அதே மரம் தான். சீவல ராத்திரி ஊறப்போட்டு காலையில அதே தண்ணியோட கொதிக்க விட்டு, கொஞ்சம் படிகாரம் சேத்து, அதுல கோரைய முழுகுற மாதிரி போட்டு ஒரு மணி நேரம் மெதுவா கொதிக்கணும், அடுப்ப அணைச்சு அதுலயே ஆற விட்டா நிறம் நல்லா இறங்கும். இப்ப எல்லாரும் பாக்கெட் சாயம் தான். எதா இருந்தாலும் நிழல்ல காய வைங்க.

10. டேபிள் மேட் நெய்யலாம்

முழுப்பாய் தறிங்குறது தரையில முளை அடிச்சு ரெண்டு பக்கம் மூங்கில் கட்டி, அதுல பாவு நூல, அதாவது நீளவாக்குல ஓடுற நூல, இழுத்துக் கட்டி, நடுவுல ஓட்டை போட்ட அச்சுக்கட்டைய ஏத்தி இறக்கி, நீளமான குச்சியில கோரைய மாட்டி குறுக்கால விடுறது. இத எழுத்துல கத்துக்குறது கஷ்டம், முசிறியோ பத்தமடையோ போய் பக்கத்துல உக்காருங்க. அதே வேலைய சின்னதா ஒரு மரச்சட்டத்துல செஞ்சு பாக்கலாம்.

18 இஞ்ச் நீளம் 12 இஞ்ச் அகலம் மேட்டுக்கு கணக்கு சொல்றேன். உள்ளளவு 22 இஞ்ச்சுக்கு 16 இஞ்ச் இருக்குற சட்டம் எடுத்து, மேலயும் கீழயும் 18 இஞ்ச் தூரத்துக்கு அரை இஞ்ச்சுக்கு ஒரு ஆணி, ஆக பக்கத்துக்கு 37. முறுக்கின பருத்தி நூல கீழ் ஆணில முடிச்சுப் போட்டு மேல, அடுத்த ஆணி, கீழன்னு வளைச்சு வளைச்சு இறுக்கமா கட்டிட்டே போங்க, 37 பாவு வரும். விரலால தட்டினா டங்குனு சத்தம் வரணும்.

கோரைய 22 இஞ்ச்சுக்கு வெட்டிக்கோங்க. அஞ்சடி இழையில ரெண்டு துண்டு கிடைக்கும், ஒரு தண்டு மூணா கிழிச்சிருந்தா ஆறு. 120ல இருந்து 150 துண்டு வேணும், உடையுறது போக 30, 40 நல்ல தண்டு இருந்தா தாராளம், ஒரு தொட்டில ஒரு அறுப்பே போதும். நெய்யுறதுக்கு ஒரு மணி நேரம் முன்னாடி ஈரச்சாக்குல சுத்தி வைங்க, காஞ்ச கோரை மடிச்சா உடையும்.

இப்ப ஒரு பாவுக்கு மேல, அடுத்ததுக்கு அடியிலன்னு கோரைய விடணும், அடுத்த வரிசை அதுக்கு நேர்மாறா. கை வலிக்கும், அதனால ஒரு தட்டைக் குச்சிய முதல்லயே மேல கீழன்னு விட்டு வெச்சுக்கிட்டா அத நிமித்தினா ஒரு வரிசைக்கு வழி கிடைக்கும், மாத்து வரிசைக்கு மட்டும் விரலால விட்டா போதும். முதல் கோரைக்கு அடி இடதுபக்கம்னா அடுத்ததுக்கு அடி வலதுபக்கம் வரணும், இத மட்டும் மறந்துடாதீங்க. அடி தடிச்சிருக்கும் நுனி மெலிஞ்சிருக்கும், எல்லாத்தையும் ஒரே பக்கமா விட்டா ஒரு ஓரம் வேகமா ஏறி மேட் விசிறி மாதிரி ஆயிடும். ரெண்டு பக்கமும் ரெண்டு ரெண்டு இஞ்ச் நீட்டிட்டு இருக்கும், அந்த வால கடைசி பாவ சுத்தி மடக்கி அடுத்த வரிசையோட சேத்து உள்ள சொருகிடுங்க. ஒவ்வொரு வரிசைக்கும் பெரிய பல்லு சீப்பால கீழ தட்டணும்.

12 இஞ்ச் வந்ததும் வெட்டிடாதீங்க. ராத்திரி அப்படியே விடுங்க, ஈரம் போனதும் கோரை மெலிஞ்சு காலையில நடுவுல நடுவுல வெளிச்சம் தெரியும். திரும்ப சீப்பால நெருக்கினா ஒண்ணரை ரெண்டு இஞ்ச்சுக்கு இடம் வரும், அதையும் நெய்து நிரப்பிட்டு அப்புறம் சட்டத்துல இருந்து எடுங்க. பாவு நுனிய ரெண்டு ரெண்டா முடிச்சுப் போடணும், 37 ஒத்தைப்படைங்குறதால கடைசில மட்டும் மூணா சேத்து. நீட்டிட்டு இருக்குற பிசிற கத்திரியால வெட்டி ஒரு கரடுமுரடான துணியால அழுத்தித் தேய்ங்க.

11. வெச்சுக்குறது

சுருட்டி வைங்க, மடிச்சா மடிப்புலயே உடையும். சாப்பாடு கொட்டினா ஈரத்துணியால துடைச்சு காத்துல வைங்க, சோப்புத் தண்ணில ஊற வைக்காதீங்க. மழைக்காலத்துல சுவத்தோட ஒட்டி சாத்தி வெச்சா பூஞ்சை வரும், வெயில் அடிக்கிற அன்னிக்கு அரை மணி நேரம் காட்டினா போதும்.

வயல்லயோ தொட்டிலயோ அறுத்த தூருக்கு ரெண்டு நாள்ல தண்ணி விட்டுடுங்க, பத்து நாள்ல புது முளை வரும். முதல் மேட் கோணலா தான் வரும். என்னோடது ஒரு ஓரம் 12 இஞ்ச், மறு ஓரம் பத்தே முக்கால், அடிய மாத்தி விட மறந்துட்டேன், இன்னும் அடுப்பங்கரையில குக்கருக்கு அடியில கிடக்கு.